அலையாத்திக் காட்டை அழித்தது யார்?



நான் செய்த ஒரு தவறை ஒப்புக்கொண்டு இந்தக் கட்டுரையைத் தொடங்குகிறேன். மேடையில் சொன்ன தவறை மறைவில் திருத்திக்கொள்வது நியாயமாகாது. நாலு பேர் பார்க்கத்தான் திருத்த வேண்டும்.

2012-ஆம் ஆண்டு. முத்துப்பேட்டைப் பக்கம் ஒரு தெருமுனைக் கூட்டம். மரம், மண், தண்ணீர் ஆகியவற்றைப் பாதுகாப்பது பற்றிப் பேசச் சொல்லியிருந்தார்கள். பேச்சு அலையாத்திக் காட்டின் பக்கம் திரும்பியது. "இவ்வளவு பெரிய காடு பாதிக்கு மேல் பொட்டலாய்க் கிடக்கிறதே, அழித்தது யார்? விறகு ஒடிக்கிறவர்களும் ஆடு மாடு மேய்க்கிறவர்களும்தானே!" என்று முழங்கினேன். இதை எந்த நூலில் படித்தேன்? எந்த நூலிலும் இல்லை. ஓர் அலுவலகத்தில் காத்திருந்தபோது ஓர் அதிகாரி போகிற போக்கில் சொன்னார். கேட்டதை அப்படியே மேடையில் கொட்டினேன். கூட்டம் தலையாட்டியது. எனக்கும் திருப்தியாக இருந்தது.

கூட்டம் முடிந்து இறங்கியதும் ஒரு மூத்தம்மா வந்து நின்றார். எழுபது வயதிருக்கும். கல்யாண வீட்டுச் சமையலுக்கும் டீக்கடைகளுக்கும் விறகு சுமந்தே பிள்ளைகளை ஆளாக்கியவர்.

"ஆலிம்சா, ஒரு வார்த்தை. நாங்க ஒடிச்சது காஞ்ச கொம்பு. தலைச்சுமை விறகுல ஒரு காடு அழியுமா? கூப்பு ஏலம் விட்டு, வரிசை கட்டி வெட்டுனது யாரு? அதுல எங்க வாப்பாவும் கூலிக்குப் போயிருக்காரு. வெட்டச் சொன்னது கவர்மெண்டு. இதையும் மைக்குல சொல்லுங்க."

எனக்கு வாய் அடைத்துப்போனது. ஏழாண்டுகள் மதரஸாவில் ஓதியவன் நான். ஒருவன் ஒரு செய்தியைக் கொண்டு வந்தால் முதலில் விசாரித்துத் தெளிந்துகொள், தெரியாமல் ஒரு கூட்டத்தார்மீது பழி போட்டுவிட்டுப் பிறகு வருந்தாதே என்ற இறைக்கட்டளையை எத்தனை ஊர்களில் விளக்கியிருப்பேன்! ஊருக்குச் சொன்னதை நானே கடைப்பிடிக்கவில்லை.

அதன் பிறகுதான் விசாரித்தேன். விசாரித்ததில் கிடைத்ததை இங்கே எழுதுகிறேன். அந்த மூத்தம்மா சொன்னதைத்தான் விஞ்ஞானமும் சொல்லியிருக்கிறது!

காவிரி கடலைத் தொடும் இடம்

நம்மில் பலர் இந்தக் காட்டைப் பார்த்ததே இல்லை. சபர் போய் சிங்கப்பூர், மலேசியா, துபாய் எல்லாம் சுற்றி வந்தவர்கள் கூட ஜாம்பவானோடையில் படகு ஏறிக் காயலுக்குள் போனதில்லை. ஆகவே கொஞ்சம் விவரமாகச் சொல்ல வேண்டியிருக்கிறது.

கல்லணையில் பிரிகிற வெண்ணாறு நீடாமங்கலம் மூணாறு தலைப்பில் மறுபடியும் பிரிந்து கோரையாறு, பாமணியாறு என்று தெற்கே இறங்குகிறது. மன்னார்குடி, திருத்துறைப்பூண்டி வட்டாரங்களின் வயல்களுக்குப் பாய்ந்தது போக, மிச்சத் தண்ணீர் முத்துப்பேட்டைக்குத் தெற்கே கடலைத் தொடுகிறது. கிளைதாங்கியாறும் மரைக்கா கோரையாறும் அங்கேதான் வந்து சேர்கின்றன. நன்னீரும் உப்புநீரும் கலக்கும் அந்தச் சேற்று நிலத்தில் நிற்பதுதான் அலையாத்திக் காடு. காடு, காயல், சேற்று வெளி எல்லாம் சேர்த்து ஏறக்குறைய 12 ஆயிரம் ஹெக்டேர். ஒரு பக்கம் அதிராம்பட்டினம், மறுபக்கம் கோடியக்கரை. 2002-இல் கோடியக்கரை ராம்சர் உடன்படிக்கையின்படி உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலமாக அறிவிக்கப்பட்டபோது இந்தக் காடும் அதற்குள் அடங்கியது.

அலையை ஆற்றுவதால் அலையாத்தி. பெயர் வைத்தவன் படிக்காத மீனவனாக இருக்கலாம். ஆனால் அந்த மரத்தின் வேலையை ஒரே சொல்லில் சொல்லிவிட்டான்.

இந்தக் காட்டில் பெரும்பாலும் நிற்பது கண்டல் மரம். அதன் இலையை நக்கிப் பாருங்கள், கரிக்கும். வேர் வழியே ஏறிய உப்பை அது இலை வழியே வெளியேற்றிவிடுகிறது. சேற்றுக்குள் காற்று இல்லாததால் வேர்கள் பென்சில் முனைபோல் மேல்நோக்கி எழுந்து மூச்சு வாங்குகின்றன. உப்பிலும் சேற்றிலும் உயிர் வாழ இப்படி எல்லா ஏற்பாடும் செய்யப்பட்ட மரம் அது. ஆனால் அதற்கும் ஓர் எல்லை உண்டு. தண்ணீர் வர வேண்டும், வந்த தண்ணீர் திரும்பிப் போகவும் வேண்டும். தேங்கினால் மரம் சாகும். கட்டுரை முழுவதற்கும் இதுதான் சாவி, மறந்துவிடாதீர்கள்.

சத்திரத்துக் காடு

இந்தக் காட்டுக்கு ஒரு வரலாறு உண்டு. அரசாங்கப் பதிவுகளின்படி 1853 முதல் 1912 வரை இது சத்திரம் இலாகாவின் பொறுப்பில் இருந்தது. தஞ்சை மராட்டிய மன்னர்கள் வழிப்போக்கர்களுக்குக் கட்டிய சத்திரங்களைப் பராமரிக்கும் இலாகா அது. 1923-இலிருந்து 1936 வரை காட்டு வருமானத்தில் பாதி வருவாய்த் துறைக்கும், பாதி சத்திரங்களின் பராமரிப்புக்கும் போனது. 1937-இல் காடு அரசின் பாதுகாப்புக்குரியதாக அறிவிக்கப்பட்டு, வனத்துறையின் கைக்கு வந்தது.

பாதுகாக்கப்பட்ட காடு என்று பெயர். ஆனால் நடந்தது என்ன?

கூப்பு! காட்டைப் பாத்தி பாத்தியாகப் பிரிப்பது, ஓர் ஆண்டு ஒரு பாத்தியை ஒரு மரம் விடாமல் வெட்டுவது, அடுத்த ஆண்டு அடுத்த பாத்தி. இருபது, முப்பது ஆண்டுகளில் முதல் பாத்தி மறுபடியும் வளர்ந்திருக்கும், மறுபடியும் வெட்டலாம் என்பது வெள்ளைக்காரன் போட்ட கணக்கு. தேக்கங்காட்டுக்கும் சவுக்குத் தோப்புக்கும் போடுகிற கணக்கைக் கடலோரச் சேற்றுக்கும் போட்டான். அவன் போன பிறகும் அந்தக் கணக்கு போகவில்லை. சிதம்பரத்துக்குப் பக்கத்தில் உள்ள பிச்சாவரத்திலும், இங்கே முத்துப்பேட்டையிலும் 1970-களின் தொடக்கம் வரை இந்த முறை தொடர்ந்தது.

வெட்டிய இடம் மறுபடி வளரவே இல்லை! வரைபடத்தில் காடு, நேரில் பொட்டல்.

அப்போது கேள்வி எழுந்தது: ஏன் வளரவில்லை? பதில் தயாராக இருந்தது. ஊர்க்காரன் மாடு மேய்க்கிறான், விறகு ஒடிக்கிறான், அதனால் வளரவில்லை. கேஸ் போடு, அபராதம் போடு, உள்ளே விடாதே!

மண்ணைக் கேட்ட விஞ்ஞானி

1990-களில் இந்தப் பதிலை ஏற்றுக்கொள்ளாமல் மண்ணையே கேட்டுப் பார்த்தவர்கள் சென்னை எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தார். நம் கும்பகோணத்தில் பிறந்த வேளாண் விஞ்ஞானி சுவாமிநாதன் 1988-இல் தொடங்கிய நிறுவனம் அது. அதன் கடலோர ஆய்வுகளை முன்நின்று நடத்தியவர் முனைவர் வி. செல்வம் என்ற சூழலியலாளர். தமிழ்நாட்டு அலையாத்திக் காடுகளைப் பற்றி எழுதுகிற எவரும் அவர் பெயரைத் தாண்டிப் போக முடியாது.

அவர்கள் செய்தது என்ன? சேற்றின் மேடுபள்ளத்தை அளந்தார்கள். மண்ணின் உப்பை அளந்தார்கள். செயற்கைக்கோள் படங்களை ஒப்பிட்டுப் பார்த்தார்கள். கிராமத்துப் பெரியவர்களை உட்கார வைத்து, எந்த வருடம் எந்தப் பக்கம் காடு இருந்தது என்று கேட்டார்கள். அதிகாரிகள் காது கொடுக்காதவர்களிடம் இவர்கள் காது கொடுத்தார்கள்.

தெரிய வந்த உண்மை இதுதான். ஒரு பாத்தியை முழுதாக வெட்டியதும் நிழல் போய்விடுகிறது. வெயில் நேராகச் சேற்றில் விழுகிறது. சேற்றிலுள்ள ஈரம் ஆவியாகி, மண் சுருங்கி, தரை உட்கார்ந்துவிடுகிறது. நடுவில் தாம்பாளம்போல் ஒரு பள்ளம் விழுகிறது. ஓதம் ஏறும்போது கடல்நீர் அந்தப் பள்ளத்துக்குள் வருகிறது. ஓதம் வற்றும்போது வெளியே போக வழியில்லை. நம் கரையில் ஓதத்தின் ஏற்ற இறக்கம் ஒரு மீட்டருக்கும் குறைவு. பள்ளத்தை அலசிவிடும் வேகம் அதற்கு இல்லை. தேங்கிய தண்ணீர் வெயிலில் காய்கிறது, உப்பு தங்குகிறது. மறுபடி நீர், மறுபடி உப்பு. கடைசியில் கடல்நீரின் உப்பையும் மிஞ்சிய உப்பு! உப்பளத்தில் பாத்தி கட்டுகிறோமே, அதே வேலைதான். உப்பளத்தில் எந்த மரம் முளைக்கும்?

ஆடு மாடு மேய்ந்ததும், விறகு ஒடித்ததும் ஒன்றுமே பாதிப்பில்லை என்று அவர்கள் சொல்லவில்லை. அது சின்னக் காரணம், மூல காரணம் கூப்பு வெட்டு என்றார்கள். மேட்டூர், கிருஷ்ணராஜசாகர் அணைகளுக்குப் பிறகு ஆற்றுமுகத்துக்கு வரும் நன்னீர் குறைந்துபோனதும் உப்பை இன்னும் கூட்டியது என்றார்கள். ஆக, முதல் குற்றவாளி அரசாங்கத்தின் திட்டம். அபராதம் கட்டியவர்கள் யார்? விறகுக்கட்டு சுமந்த பெண்கள்!

எண்ணிப் பாருங்கள் சகோதரர்களே! ஒரு காரியம் கெட்டுப்போனால், யார்மீது பழி போடுவது சுலபமோ அவன்மீது போட்டுவிடுவது இந்த நாட்டு வழக்கம். ஆதாரம் பிறகு தேடிக்கொள்ளலாம், அல்லது தேடாமலே விட்டுவிடலாம். இந்த வேதனை நம் சமுதாயத்துக்குத் தெரியாததா? தெரிந்த நானே அதை ஓர் ஏழைக் கிழவிக்குச் செய்தேனே!

மீன்முள் வாய்க்கால்

நோய் தெரிந்தால் மருந்து கிடைக்கும். தண்ணீர் போக வழியில்லாததுதானே நோய்? வழி வெட்டு!

காயலிலிருந்தோ ஓடையிலிருந்தோ பொட்டலுக்குள் ஒரு பெரிய வாய்க்கால். அதன் இரு பக்கமும் சாய்வாகச் சின்னச் சின்ன வாய்க்கால்கள். மேலிருந்து பார்த்தால் மீனின் நடுமுள்ளும் பக்கமுள்ளும்போல இருக்கும். ஓதம் ஏறினால் எல்லா வாய்க்காலிலும் தண்ணீர் ஏறும், வற்றினால் திரும்பிவிடும். போகும்போது உப்பையும் கரைத்துக்கொண்டு போகும். அந்த வாய்க்கால் சரிவுகளில் கன்றுகளை நட்டார்கள். பிழைத்தன!

இதில் ஒரு சேதியைக் கவனிக்க வேண்டும். முத்துப்பேட்டை மீனவர்களிடம் வாய்க்கால் மீன்பிடிப்பு என்ற பழைய முறை உண்டு. காயலிலிருந்து காட்டுக்குள் வாய்க்கால் வெட்டி, ஓதத்தோடு ஏறி வரும் மீனையும் இறாலையும் பிடிப்பார்கள். தண்ணீர் வந்து போகும் அந்தக் கரைகளில் மரம் செழித்து நிற்கும். ஆய்வுக்கூடம் கண்டுபிடித்த மருந்தின் சாயல் சேற்றில் இறங்கியவன் கையில் முன்பே இருந்தது. அவனிடம் கேட்க ஆள்தான் இல்லை.

வனத்துறையும் கிராமத்தாரும் ஆராய்ச்சி நிறுவனமும் சேர்ந்து, கிராம மன்றங்கள் அமைத்து இந்த வேலையைச் செய்தார்கள். 1996-இலிருந்து 2003 வரை தமிழ்நாடு, ஆந்திரம், ஒரிசா மூன்று மாநிலங்களிலும் ஏறக்குறைய 1,500 ஹெக்டேர் பொட்டல் இப்படிச் சீர்செய்யப்பட்டது. பிச்சாவரத்தில் 1986-இல் இருந்த காட்டுப் பரப்பு 2002-க்குள் ஏறக்குறைய 90 விழுக்காடு கூடியிருந்ததைச் செயற்கைக்கோள் படங்களைக் கொண்டு செல்வமும் அவருடைய தோழர்களும் 2003-இல் எழுதினார்கள். ஊர்க்காரனை விரட்டிய காலத்தில் அழிந்த காடு, ஊர்க்காரனைச் சேர்த்துக்கொண்ட காலத்தில் வளர்ந்தது. இதைவிடப் பெரிய சாட்சி என்ன வேண்டும்?

அலை வந்த நாள்

2004 டிசம்பர் 26. அந்த ஞாயிற்றுக்கிழமையை இந்தக் கடற்கரையில் யாரும் மறக்க மாட்டார்கள். நாகை மாவட்டத்தில் மட்டும் ஆறாயிரத்துக்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். நாகூரிலும் நாகையிலும் வேளாங்கண்ணியிலும் மதம் பார்க்காமல் மையித்துகளை அள்ளிய கைகளில் நம் இளைஞர்களின் கைகளும் இருந்தன.

மறு ஆண்டே ஓர் ஆய்வு வெளிவந்தது. பல நாட்டு விஞ்ஞானிகளோடு செல்வமும் சேர்ந்து எழுதியது. கடலூர் கடற்கரையில் மரங்கள் அடர்ந்த இடங்களில் சேதம் குறைவு, மரமில்லாத இடங்களில் அதிகம் என்றது. உடனே வேறு சில விஞ்ஞானிகள் மறுப்பு எழுதினார்கள். பிழைத்த ஊர்கள் கடலிலிருந்து தள்ளியும் மேட்டிலும் இருந்தன, காப்பாற்றியது மரம் அல்ல, தூரமும் உயரமும்தான் என்றார்கள். விவாதம் நடந்தது. நடக்கட்டும்! ஆதாரத்தோடு பேசுவதும் ஆதாரத்தோடு மறுப்பதும்தான் அறிவுடையோர் வழக்கம். சுனாமியைப் பற்றி விவாதம் இருக்கலாம். ஆனால் சாதாரணப் புயல் அலையையும் கரை அரிப்பையும் இந்தக் காடு தணிக்கிறது என்பதை மறுப்பார் இல்லை.

புயல்தான் இனி நம்மை அதிகம் சோதிக்கப் போகிறது. 1901-இலிருந்து 2018 வரை உலகக் கடல்மட்டம் சராசரியாக 20 சென்டிமீட்டர் உயர்ந்திருப்பதாகத் தட்பவெப்பம் பற்றிய ஐ.நா. விஞ்ஞானிகள் குழு கணக்கிட்டிருக்கிறது. ஒரு சாண் என்று வைத்துக்கொள்ளுங்கள். மலைநாட்டுக்காரனுக்கு ஒரு சாண் பெரிதல்ல. தரையும் கடலும் ஏறக்குறைய ஒரே மட்டத்தில் இருக்கிற நமக்கு, ஒரு சாண் என்பது வயலில் உப்பு ஏறும் கணக்கு. அந்த உயர்வுக்குக் காரணமான கரிப்புகையைக் காற்றிலிருந்து இழுத்து, சேற்றுக்குள் நீண்டகாலம் புதைத்து வைக்கும் காடு இது. நாகைக்காரன் கரையையும் காக்கிறது, நாம் காணாத ஊர்க்காரன் கரைக்கும் உதவுகிறது.

கடலுக்குப் போகும் தண்ணீர் வீணா?

நாம் எல்லோரும் பேசுகிற ஒரு பேச்சு உண்டு. மேட்டூர் நிரம்பி வழியும்போது, கொள்ளிடத்தில் வெள்ளம் போகும்போது, "அய்யோ, இவ்வளவு தண்ணீரும் கடலில் வீணாகிறதே!" என்கிறோம். விவசாயியின் வயிற்றெரிச்சல் நியாயமானது. குறுவைக்குத் தண்ணீர் இல்லாமல் நாற்றங்காலிலேயே பயிர் கருகியதைப் பார்த்தவன் அப்படித்தான் சொல்வான். நானும் விவசாயக் குடும்பத்தான்தான்.

ஆனால் ஒன்றைச் சொல்கிறேன். காவிரி நடுவர் மன்றம் 2007 பிப்ரவரி 5-இல் தந்த இறுதித் தீர்ப்பில், காவிரியின் மொத்த நீர் 740 டி.எம்.சி. என்று கணக்கிட்டு, மூன்று மாநிலங்களுக்கும் புதுச்சேரிக்கும் பங்கு போட்டது. அதில் 10 டி.எம்.சி. சுற்றுச்சூழல் பாதுகாப்புக்கு என்றும், 4 டி.எம்.சி. தவிர்க்க முடியாமல் கடலில் சேர்வது என்றும் தனியே ஒதுக்கியது. 2018 பிப்ரவரி 16-இல் உச்ச நீதிமன்றம் தமிழ்நாட்டின் பங்கை 419-இலிருந்து 404.25 டி.எம்.சி. ஆகக் குறைத்தபோதும் இந்த 14 டி.எம்.சி.யில் கை வைக்கவில்லை. ஆற்றுக்கும் ஒரு பங்கு உண்டு என்று சட்டமே ஒப்புக்கொண்டுவிட்டது. பாகப்பிரிவினையில் பெண்மக்களின் பங்கை மறந்துவிடுகிற அண்ணன் தம்பிகளைக் கண்டிக்கிற நாம், கடைசியில் நிற்கிற கடலோரக் காட்டின் பங்கை மறக்கலாமா? நன்னீர் வந்தால்தான் காயலில் உப்பு மட்டுப்படும், மீன் குஞ்சும் இறால் குஞ்சும் வளரும், கடல் உப்பு நம் நிலத்தடிக்கு ஏறாமல் நிற்கும். வீணாகிறது என்று நாம் சொல்கிற தண்ணீர் அங்கே வேலை செய்துகொண்டிருக்கிறது.

வியாபாரப் பெருமக்களுக்கு

அரசாங்கத்தைக் குற்றம் சொல்லிவிட்டு நாம் தப்பித்துவிட முடியாது. கூப்பு போனது. அதன் இடத்தில் வேறொன்று வந்தது. அதில் நம் பணமும் இருக்கிறது.

1990-களில் இறால் பண்ணை என்ற மோகம் இந்தக் கரையெங்கும் பரவியது. தாய்லாந்திலும் ஈக்வடாரிலும் அலையாத்திக் காட்டை வெட்டி இறால் வளர்த்து நொந்த கதை நம் ஊருக்கும் வந்தது. விளைநிலத்தில் உப்புநீரைக் கட்டினார்கள். பக்கத்து வயல் கெட்டது, குடிநீர் கரித்தது. கீழத்தஞ்சையில் நிலமற்றவர்களுக்காகப் பாடுபட்ட காந்தியவாதி எஸ். ஜெகந்நாதன் உச்ச நீதிமன்றம் வரை போனார். 1996 டிசம்பர் 11-இல் நீதிபதிகள் குல்தீப் சிங்கும் சகீர் அகமதும் கடலோர ஒழுங்குமுறை எல்லைக்குள் உள்ள பண்ணைகளை இடிக்கச் சொல்லித் தீர்ப்பளித்தார்கள். அது முழுதாக நடைமுறைக்கு வருவதற்குள் காற்று மாறியது. 2005-இல் கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்பு ஆணையச் சட்டம் வந்து, பதிவு செய்த பண்ணைகளுக்கு வழி திறந்தது. ஆனால் அந்தச் சட்டத்தின் கீழுள்ள வழிகாட்டு நெறிகள்கூட அலையாத்திக் காட்டையும் விளைநிலத்தையும் பண்ணையாக்கக் கூடாது என்றுதான் சொல்கின்றன.

நான் இறால் வியாபாரத்தைத் தடுக்கச் சொல்லவில்லை. ஹலாலான தொழில் அது. எத்தனையோ குடும்பங்களுக்குச் சோறு போடுகிறது. கேட்பது ஒன்றே ஒன்று: உங்கள் பண்ணையின் கழிவுநீர் எங்கே போகிறது? உங்கள் வரப்பு எந்த ஓடையின் வாயை அடைக்கிறது? சபர் மண்ணில் இருபது வருடம் உழைத்த காசைக் கடலோர நிலத்தில் போடுகிறீர்களே, அந்த நிலம் நேற்றுவரை வாய்க்காலாக இருந்ததா என்று பத்திரத்தோடு சேர்த்துப் பழைய புலப்படத்தையும் பார்த்தீர்களா? தராசில் ஒரு குண்டுமணி குறைந்தால் மறுமையில் கேள்வி உண்டு என்று நடுங்குகிற வியாபாரிகள் நீங்கள். ஓர் ஓடையை அடைத்து நாலு ஊர்த் தண்ணீரை நிறுத்துவது எந்தத் தராசில் சேரும்?

இன்னொன்று. கல்யாண மண்டபத்துத் தண்ணீர் பாட்டில்களும், கடைத்தெருப் பாலிதீன் பைகளும் மழைக்காலத்தில் கோரையாற்றிலும் பாமணியாற்றிலும் ஏறி எங்கே போகின்றன? மூச்சு வாங்கும் வேர்களின்மேல் போய்ப் படிகின்றன. காற்று வாங்க எழுந்த வேருக்குக் கழுத்தில் முடிச்சு! இதை எந்த வெள்ளைக்காரனும் செய்யவில்லை. நாம்தான் செய்கிறோம்.

இளைஞர்களே!

2018 நவம்பர் 16 விடியற்காலையில் கஜா புயல் வேதாரண்யம் பக்கம் கரை ஏறியது. பட்டுக்கோட்டை, பேராவூரணிப் பக்கம் தென்னந்தோப்புகள் தரையில் படுத்தன. பள்ளிவாசல்களைத் திறந்துவிட்டு, கஞ்சி காய்ச்சி ஊற்றினோம். நிவாரண வேலை ஓய்ந்த பிறகு ஒரு நாள் ஒரு மீனவர் என்னைப் படகில் அழைத்துப் போனார். இலையெல்லாம் உதிர்ந்து, கொம்பு முறிந்து, மரங்கள் எரிந்த காடுபோல் நின்றன. நான் கண் கலங்கினேன். அவர் கலங்கவில்லை. "மரம் தழைச்சுக்கும் பாய். வாய்க்கா தூர்ந்துட்டா அதுதான் போச்சு" என்றார்.

அதுதான் சேதி! மீன்முள் வாய்க்கால் ஒரு தடவை வெட்டிவிட்டு மறந்துவிடுகிற காரியமல்ல. ஒவ்வோர் ஓதமும் கொஞ்சம் வண்டலைக் கொண்டுவந்து போடும். ஒரு புயல் வந்தால் ஒரே இரவில் வாய் மூடும். சில வருடம் தூர் வாராமல் விட்டால் தண்ணீர் தேங்கும், உப்பு ஏறும், நட்ட மரம் சாகும். பழையபடி பொட்டல். அப்போது மறுபடி யாரோ ஓர் அதிகாரி சொல்வார்: "விறகு ஒடிக்கிறவர்கள்தான் அழித்தார்கள்!" மறுபடி என்னைப்போல் ஒருவன் மேடையில் முழங்குவான்.

இதைத் தடுக்க நீங்கள் என்ன செய்யலாம்? உங்கள் ஊர் கிராம சபையில் ஒரு தீர்மானம் போடச் சொல்லுங்கள்: எந்த வாய்க்கால் எந்த ஆண்டு வெட்டப்பட்டது, கடைசியாக எப்போது தூர் வாரப்பட்டது, அடுத்து எப்போது என்று வனத்துறை ஊர் மக்களுக்குச் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் தகவல் உரிமைச் சட்டம் 2005 இருக்கிறது, பத்து ரூபாய்தான் செலவு. மரம் நடு விழா என்று அதிகாரிகள் அழைத்தால் போங்கள். போட்டோ எடுத்துக்கொண்டு திரும்பாதீர்கள். "கன்று இருக்கட்டும், தண்ணீர் வந்து போக வழி எங்கே?" என்று கேளுங்கள். அந்த ஒரு கேள்விக்குப் பதில் இல்லாத இடத்தில் நடுகிற கன்று, உப்பில் நடுகிற கன்று. தூர் வாரும் வேலைக்கு அந்த ஊர் மீனவர்களையும், விறகு ஒடித்துப் பிழைத்த பெண்களையுமே கூலிக்கு வைக்கச் சொல்லுங்கள். அந்தச் சேறு அவர்களுக்குத்தான் தெரியும்.

நட்ட மரத்தின் பலனை ஒரு பறவை தின்றாலும் நட்டவனுக்கு அது தர்மம் என்று நமக்குச் சொல்லப்பட்டிருக்கிறது. இந்தக் காட்டில் பறவைக்கா பஞ்சம்? குளிர்காலத்தில் கடல் கடந்து வந்து இறங்குகின்றன. தர்மம் செய்ய இதைவிட நல்ல இடம் எங்கே கிடைக்கும்?

கடைசியாக

அந்த மூத்தம்மா சில ஆண்டுகளுக்கு முன் மவுத்தாகிவிட்டார். "இதையும் மைக்குல சொல்லுங்க" என்று அவர் கேட்டதை அவர் உயிரோடு இருந்தபோது நான் செய்யவில்லை. அதற்குப் பிறகு பல கூட்டங்களில் பேசினேன். அலையாத்திக் காடு என்ற பேச்சு வந்தாலே தவிர்த்துவிட்டுப் போனேன். தவறை ஒப்புக்கொள்ள வெட்கம்!

இன்று எழுதிவிட்டேன். அலையாத்திக் காட்டை அழித்தது தலைச்சுமை விறகு அல்ல. கூப்பு ஏலம் போட்ட திட்டம் அழித்தது. அடைபட்ட வாய்க்கால் அழித்தது. நாளை அழிந்தால் அதில் நம் பண்ணையும் நம் பாலிதீனும் நம் அலட்சியமும் பங்காளிகள்.

முத்துப்பேட்டைப் பக்கத்து ஜமாஅத்தார் யாராவது இதைப் படித்தால், அடுத்த கூட்டத்துக்கு என்னை அழையுங்கள். பயணச் செலவு வேண்டாம். அதே இடத்தில், அதே மைக்கில், அந்தப் பேச்சைத் திருத்திப் பேசக் கடமைப்பட்டிருக்கிறேன்.